நன்மை செய்தவனின் செருக்கு

தீயவன் வீழ்ந்தால் உலகம் வியப்பதில்லை. கல்வியும் ஆற்றலும் நிறைந்து, பலருக்கும் நன்மை செய்த ஒருவன் வீழும்போதுதான் உள்ளத்தை உறுத்தும் கேள்வி எழுகிறது: அவன் செய்த நன்மைகள் ஏன் அவனைக் காக்கவில்லை? இக்கேள்விக்கு விடை தேட உதவும் ஒரு வாழ்க்கை, திருவிதாங்கூரின் அண்மைக்கால வரலாற்றில் உண்டு.

திருவனந்தபுரத்திற்குத் தெற்கே, அரபிக்கடலோரம் அமைந்தது விழிஞ்ஞம். ஆய் மன்னர்களின் துறைமுகமாக விளங்கியது; பாண்டியரும் சோழரும் அதற்காகப் போரிட்டனர். பின்னர் நெடுங்காலம் மீனவர் ஊராகவே இருந்த அங்கு 2025 மே 2 அன்று பன்னாட்டுத் துறைமுகம் நாட்டிற்கு அர்ப்பணிக்கப்பட்டது. அவ்விடத்தில் நவீனத் துறைமுகம் அமையலாம் என்று 1940-களிலேயே கருதி, அதற்கான ஆய்வுக்கு வழிசெய்தவராகக் கூறப்படுபவர் திருவிதாங்கூர் திவான் சர் சி.பி. ராமசுவாமி அய்யர். எண்பது ஆண்டுகளுக்கு அப்பால் வரவிருப்பதைக் கண்ட அக்கண்கள், தம் காலடியில் நிகழ்ந்துகொண்டிருந்ததைக் காணத் தவறின. அவரது வாழ்வின் பாடம் அதுவே.

உயர்வு

1879-இல் வந்தவாசியில் பிறந்த சி.பி., சென்னையின் தலைசிறந்த வழக்கறிஞர்களுள் ஒருவரானார். அன்னிபெசன்ட் அம்மையாரின் தன்னாட்சி இயக்கத்தில் பங்கேற்றார். சென்னை ஆளுநரின் நிர்வாக சபை உறுப்பினராக இருந்தபோது பைக்காரா மின்திட்டத்திற்கும் மேட்டூர் அணைக்கும் துணைநின்றார். 1936-இல் திருவிதாங்கூரின் திவானாகப் பொறுப்பேற்றார்.

அவ்வாண்டு நவம்பர் 12 அன்று மன்னர் சித்திரைத் திருநாள் பலராம வர்மா ஆலயப் பிரவேசப் பிரகடனத்தை வெளியிட்டார். பிறப்பின் பெயரால் கோயில் வாசலில் தடுக்கப்பட்ட இந்துக்கள் அனைவருக்கும் அரசின் கோயில்கள் திறந்தன. 1892 டிசம்பரில் திருவனந்தபுரத்திற்கு வந்த சுவாமி விவேகானந்தர், மலையாள நாட்டின் சாதிக் கொடுமை கண்டு மனம் வெதும்பியவர். அந்தக் கறையைத் துடைக்கும் முயற்சியில் மன்னருக்குத் தோள்கொடுத்தவர் சி.பி. 1937-இல் திருவிதாங்கூர்ப் பல்கலைக்கழகம் தோன்றியது. 1940-இல் பள்ளிவாசல் நீர்மின் நிலையம் ஒளி தந்தது. அலுமினியம், உரம் முதலிய தொழில்கள் காலூன்றின. 1944-இல் தூக்குத்தண்டனை நீக்கப்பட்டது. இத்தனை பணிகளை ஒருவர் பதவிக்காலத்தில் காண்பது அரிது.

சரிவு

ஆனால் அதே ஆண்டுகளுக்கு மற்றொரு பக்கமும் உண்டு. 1938-இல் பொறுப்பாட்சி கோரித் திருவிதாங்கூர் ஸ்டேட் காங்கிரஸ் உருவானது. திவான் அதனைத் தடைசெய்தார்; பட்டம் தாணுப்பிள்ளை, டி.எம். வர்கீஸ் போன்ற தலைவர்கள் சிறைசென்றனர். அவ்வாண்டு ஆகஸ்ட் 31 அன்று விழிஞ்ஞத்திற்கு அருகிலுள்ள நெய்யாற்றின்கரையில் கூடிய மக்கள்மீது துப்பாக்கிச்சூடு நடந்தது, உயிர்கள் பலியாயின.

1946 ஜனவரியில் அவர் புதியதோர் அரசமைப்பை முன்வைத்தார். வயதுவந்தோர் அனைவருக்கும் வாக்குரிமை உண்டு. ஆனால் அவர்கள் தேர்ந்தெடுக்கும் சபை திவானை நீக்க இயலாது. ‘அமெரிக்க மாதிரி’ எனப்பட்ட அத்திட்டத்தை அரபிக்கடலில் எறிவோம் என்று மக்கள் முழங்கினர். அவ்வாண்டு அக்டோபரில் புன்னப்புரை, வயலார் ஆகிய இடங்களில் தொழிலாளர் பலர் படையினரின் குண்டுகளுக்கு இரையாயினர்.

1947 ஜூனில், ஆங்கிலேயர் வெளியேறியதும் திருவிதாங்கூர் தனிநாடாகும் என்று திவான் அறிவித்தார். பாரதம் முழுவதும் விடுதலையை எதிர்நோக்கியிருந்த வேளையில், ஒரு காலத்தில் அவ்விடுதலைக்காகவே குரல்கொடுத்தவரிடமிருந்து வந்த அறிவிப்பு இது. ஜூலை 25 அன்று திருவனந்தபுரம் இசைக்கழக நிகழ்ச்சியொன்றில் அவர் வெட்டப்பட்டார், காயங்களோடு உயிர்தப்பினார். சில நாட்களில் மன்னர் இந்திய ஒன்றியத்தில் இணைய இசைந்தார். ஆகஸ்டில் சி.பி. பதவி விலகித் திருவிதாங்கூரை விட்டு அகன்றார்.

ஒருவரை வெட்டி வீழ்த்த முனைவதைத் தர்மம் ஒருபோதும் ஏற்காது. ஆயினும் அந்த வாள்வீச்சுதான் அவரை வீழ்த்தியது என்பதும் உண்மையன்று. மக்கள் மனத்திலிருந்து அவர் அதற்கு முன்பே இறங்கிவிட்டிருந்தார்.

கடல் கடந்தும் ஒரே கதை

இத்தகைய வீழ்ச்சி முடியாட்சிக்கு மட்டும் உரியதன்று. டென்மார்க் நாட்டில் கோபன்ஹேகனுக்கு அருகிலுள்ள ஃபாரும் நகரில் 1986 முதல் 2002 வரை மேயராக இருந்தவர் பீட்டர் பிரிக்ஸ்டோஃப்டெ. மக்களே அவரை மீண்டும் மீண்டும் தேர்ந்தெடுத்தனர். முதியோரை நகரின் செலவில் தென்னாடுகளுக்குச் சுற்றுலா அனுப்பினார், விளையாட்டரங்குகள் எழுப்பினார், அவரது நிர்வாக முறைகள் நாடெங்கும் பேசப்பட்டன. 2002-இல் விலையுயர்ந்த மதுவுக்கும் விருந்துக்கும் பொதுப்பணம் செலவிடப்பட்டதைப் பத்திரிகை ஒன்று வெளிப்படுத்தியது. தொடர்ந்த விசாரணைகளின் முடிவில், பதவியைத் தவறாகப் பயன்படுத்தியதற்காக அவர் சிறைத்தண்டனை பெற்றார். 2016-இல் காலமானார்.

ஒருவருடைய தவறு பொதுப்பணத்தைப் பற்றியது. மற்றவருடையது அதிகாரத்தைப் பற்றியது. இரண்டையும் ஒன்றாக எடைபோடுதல் முறையன்று. எனினும் இரண்டுக்கும் வேர் ஒன்றே: ‘இவ்வளவு செய்தேனே! இனி என்னைக் கேட்பவர் யார்?’ என்னும் எண்ணம்.

நன்மை சலுகையாகுமா?

இங்கு ஒரு நியாயமான ஐயம் எழலாம். எல்லோரையும் கேட்டுக்கொண்டிருந்தால் ஆலயக் கதவுகள் திறந்திருக்குமா? ஓர் ஆணையால் அன்றோ அது நிகழ்ந்தது? அப்படியானால் வலிமைமிக்க அதிகாரத்தைக் குறைகூறுவது எங்ஙனம் பொருந்தும்?

அதிகாரத்தின் அளவை மட்டும் நோக்கினால் இதற்கு விடை கிடைக்காது; அதன் திசையை நோக்கவேண்டும். 1936-இன் ஆணை, பிறருக்கு மூடியிருந்த கதவைத் திறந்தது. 1946-இன் திட்டம், தன் பதவியின் கதவைப் பிறர் தொட முடியாதபடி மூடியது. அதே அறிவு, அதே உறுதி, அதே அரசு; திசை மட்டுமே மாறியது. ஆனால் உள்ளே இருப்பவனுக்கு இம்மாற்றம் தெரிவதில்லை. நேற்று நன்மைக்காக எதிர்ப்பை மீறியவன், இன்று எதிர்க்கும் அனைவரையும் நன்மையின் பகைவர் என்றே கருதிவிடுகிறான். கடிந்துரைக்கும் பெரியோரைத் துணைகொள்ளாத மன்னனைக் கெடுக்கப் பகைவர் தேவையில்லை என்று வள்ளுவர் எச்சரித்தது இதனால்தான்.

கர்ம நியதி வணிகரின் பேரேடு அன்று. வரவில் இருக்கும் நன்மையைக் காட்டிச் செலவில் இருக்கும் தீமையைக் கழித்துவிட முடியாது. ஆலயம் திறந்த புண்ணியம் புண்ணியமாகவே நிற்கும். நெய்யாற்றின்கரையில் சிந்திய குருதியும் குருதியாகவே நிற்கும். ஒன்று மற்றொன்றை அழிப்பதில்லை. ஆகவே, ஒருவர் வீழ்ந்தார் என்பதற்காக அவர் செய்த நன்மையை மறுப்பதும் தவறு; நன்மை செய்தார் என்பதற்காக அவர் இழைத்த தீங்கை மறைப்பதும் தவறு.

தாசன் என்னும் காப்பு

இந்த நோய்க்கு மருந்து திருவனந்தபுரத்திலேயே இருந்தது. 1750-இல் மன்னர் மார்த்தாண்ட வர்மா தம் நாடு முழுவதையும் ஸ்ரீபத்மநாப சுவாமியின் திருவடியில் சமர்ப்பித்தார். அன்றுமுதல் அங்கு ஆண்ட மன்னர்கள் ‘பத்மநாபதாசர்’ எனப்பட்டனர். நாடு இறைவனுடையது, ஆள்பவன் அவனது ஊழியன் என்பதே அதன் கருத்து. மன்னனே ஊழியன் என்றால் மந்திரியின் நிலை என்ன?

பகவான் ஸ்ரீராமகிருஷ்ணர் ‘பக்குவமற்ற நான்’, ‘பக்குவமடைந்த நான்’ என இரண்டைக் குறிப்பிடுவார். முன்னது, ‘செய்பவன் நானே’ என்கிறது. பின்னது, ‘நான் அவனது ஊழியன்’ என்கிறது. இரண்டும் ஒரே அளவு உழைக்கலாம். வேறுபாடு உழைப்பில் இல்லை. பொறுப்பைக் கைவிட நேரும் நாளில்தான் அது புலப்படும். செல்வர் வீட்டுப் பணிப்பெண் குழந்தைகளை அன்போடு வளர்க்கிறாள். தன் வீடு வேறிடத்தில் உள்ளது என்பதை மட்டும் அவள் மறப்பதில்லை.

பதவி போனபின் சி.பி. பத்தொன்பது ஆண்டுகள் வாழ்ந்தார். காசி இந்துப் பல்கலைக்கழகத்திற்கும் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திற்கும் துணைவேந்தராகப் பணியாற்றினார்; இந்து சமய அறநிலையங்களை ஆராய்ந்த மத்திய அரசின் குழுவிற்குத் தலைமைதாங்கினார். 1966 செப்டம்பர் 26 அன்று லண்டனில் மறைந்தார். பதவியோடு அவரது அறிவும் உழைப்பும் போய்விடவில்லை. அவை அவருடையவை; பதவி ஒருபோதும் அவருடையதாக இருந்ததில்லை. இதனை 1946-இலேயே உணர்ந்திருந்தால், திருவிதாங்கூரின் அந்த இறுதி ஆண்டு வேறுவிதமாக அமைந்திருக்கலாம்.

திவான் பதவியோ மேயர் பதவியோ எல்லோருக்கும் வாய்ப்பதில்லை. ஆனால் ஒரு குடும்பம், ஒரு வகுப்பறை, ஒரு கோயில் திருப்பணிக் குழு, ஒரு சேவை நிலையம் என ஏதேனும் ஒரு சிற்றரசு ஒவ்வொருவர் கையிலும் உண்டு. ‘நான் இல்லாவிட்டால் இது நடக்காது’ என்னும் எண்ணம் அங்கேதான் முளைவிடுகிறது. அது தோன்றும் அன்றே, ‘நான் தவறினால் என்னைத் தடுத்துச் சொல்ல இங்கு யார் இருக்கிறார்?’ என்று தன்னைத்தானே கேட்டுக்கொள்பவர், செய்த நன்மையைக் கெடாமல் காத்துக்கொள்கிறார்.