கரணம் யாருடையது?

வினை நிகழ்கிறது என்பதில் ஐயமில்லை, ஆனால் அதற்குப் பின்னால் நிலையாக நிற்கும் வினைமுதல், அதாவது செய்பவன் என்ற ஒருவன், தேடினால் அகப்படுவதில்லை என்பது தேரவாத பௌத்தத்தின் அடிப்படைக் கொள்கை. ஐந்தாம் நூற்றாண்டில் இலங்கையில் புத்தகோசர் இயற்றிய விசுத்திமக்கம் இதை விரிவாக ஆராய்கிறது. ஹாங்காங் சண்டைப் படங்களின் வரலாற்றில், குறிப்பாக யுவென் வா என்ற கலைஞரின் வாழ்வில், இக்கொள்கை கண்ணுக்குத் தெரியும் வடிவம் பெற்று, கூடவே ஓர் அறச்சிக்கலையும் எழுப்புகிறது.

1950இல் பிறந்த யுவென் வா, யூ ஜிம்-யுவென் என்ற ஆசிரியர் ஹாங்காங்கில் நடத்திய பீகிங் ஓபராப் பள்ளியில் சாம்மோ ஹங், ஜாக்கி சான் ஆகியோருடன் பயின்றவர். அடியும் பசியும் கலந்த அப்பயிற்சியில் கரணமும் தலைகீழ் நிற்றலும் சிறுவர்களின் எலும்பில் ஊறின. 'ஃபிஸ்ட் ஆஃப் ஃபியூரி' (1972), 'என்டர் தி டிராகன்' (1973) ஆகிய படங்களில் புரூஸ் லீக்கு டூப் போட்டவர் இவரே. 'என்டர் தி டிராகன்' தொடக்கத்தில் சாம்மோ ஹங்குடன் லீ மோதும் காட்சியில், குத்தும் உதையும் லீயுடையவை. உடல் அந்தரத்தில் சுழன்று தரையிறங்கும் கரணம் யுவென் வாவினுடையது. முந்தைய படத்தின் இறுதிச் சண்டையில், லீயின் உதையால் வில்லன் தூக்கியெறியப்படும்போது பறந்து விழுவது, இருபது வயதுகூட நிரம்பாத ஜாக்கி சானின் உடல். ஆக, உதைத்தவர் ஒருவர், உதைபட்டதாகத் தோன்றும் முகம் இன்னொருவருடையது, தரையில் மோதிய முதுகு மூன்றாமவருடையது. படத்தொகுப்பு இவற்றை ஒட்டவைத்த பின்பு பார்வையாளர் காண்பது இரண்டே மனிதர்களை.

அனைத்தும் கூட்டுச்சேர்க்கையே, 'நான்' என்பது அதற்கு இட்ட பெயரே என்னும் அனான்ம வாதத்துக்கு, அதாவது நிலையான ஆன்மா இல்லை என்ற கோட்பாட்டுக்கு, இதைவிடத் தெளிவான சான்று அரிது. ஆனால் செய்பவனே இல்லையெனில் டூப் கலைஞரின் பெயர் மறைக்கப்படுவதில் என்ன குறை என்று வாதிட இக்கோட்பாட்டைக் கருவியாக்கினால், அது பௌத்தத்துக்கே இழைக்கும் அநீதி. பௌத்தர் இருவகை உண்மை கூறுவர்: உலக வழக்கில் செல்லும் சம்முதி சத்தியம், இறுதி நிலையில் நிற்கும் பரமார்த்த சத்தியம். கடனும் நன்றியும் ஊதியமும் முன்னதைச் சார்ந்தவை. அங்கே யுவென் வா என்பவர் உண்டு, அவருக்குக் கணுக்காலும் உண்டு, தரையிறங்கும் அதிர்ச்சி அந்தக் கணுக்காலில்தான் ஏறுகிறது. பரமார்த்தத்தைக் காட்டிச் சம்முதியின் கடனைத் தள்ளுபடி செய்பவர், தமக்கு வரவேண்டிய பாராட்டை மட்டும் அதே தர்க்கத்தால் கைவிடுவதில்லை என்பதையும் நோக்க வேண்டும்.

லீயின் பெருமை இதனால் குறைவதில்லை. அவருடைய வேகமும் சண்டை பற்றிய சிந்தனையும் டூப் கலைஞரிடம் கடன் வாங்கியவையல்ல. யுவென் வாவுக்கோ 2005இல், 'குங்ஃபூ ஹசில்' படத்தின் வீட்டுக்காரர் வேடத்துக்காக ஹாங்காங் திரைப்பட விருதுகளில் சிறந்த துணை நடிகர் விருது கிடைத்தது. அது முகம் காட்டி நடித்ததற்கான மதிப்பு. லீயின் பெயரில் சுழன்ற கரணங்களின் கணக்கு அதில் சேரவில்லை.