வரி கட்டுபவன் என்கிற அந்தஸ்து

வரி என்ற சொல்லைவிட ‘வரி கட்டுபவன்’ என்ற சொல்தான் எனக்குச் சிக்கலாகப் படுகிறது. முன்னது ஒரு தொகை. பின்னது ஒரு அந்தஸ்து.

2019 ஜூலையில் தம் முதல் பட்ஜெட்டை வாசித்த நிர்மலா சீதாராமன், புறநானூற்றுப் பிசிராந்தையாரைத் துணைக்கழைத்தார். பாண்டியன் அறிவுடை நம்பிக்குப் புலவர் சொன்ன புத்தி அது: அறுத்துக் கவளமாகக் கொடுத்தால் சிறு நிலமும் யானைக்குப் பல நாள் காணும், யானையே வயலில் புகுந்தால் தின்பதைவிட மிதிபடுவது அதிகம். அந்த வயல்காரனுக்கு ஒரு சௌகரியம். யானை நுழைவது அவன் கண்ணுக்குத் தெரியும்.

2025 பிப்ரவரி 1 பட்ஜெட்டில், புதிய முறைப்படி 12 லட்சம்வரை வருமான வரி இல்லை என்றானது, சம்பளக்காரர்களுக்கு 12.75 லட்சம். அரசு விட்டுக்கொடுப்பது, அமைச்சர் கணக்கில், நேர்முக வரியில் சுமார் 1 லட்சம் கோடி ரூபாய். மறைமுக வரியில் 2,600 கோடி. போதுமா, டில்லித் தேர்தலுக்காகவா, நுகர்வு பெருகுமா என்று நடந்த விவாதமெல்லாம் பெரும்பாலும் முதல் எண்ணைப் பற்றியது. இரண்டாவதற்கு வக்கீல்கள் குறைவு.

சங்கரன்கோவிலில் விசைத்தறி ஓட்டுகிறவர் அப்போது குளியல் சோப்புக்கு 18 சதவீதம் கட்டிக்கொண்டிருந்தார். நானும் அதே 18தான்; ஆனால் வரும்படியில் அது அவருக்குப் பெரிய பங்கு. விலைக்குள் கரைந்திருப்பதால் அவரே அதை வரியென்று எண்ணுவதில்லை. அவர் வயலில் புகுந்த யானை கண்ணுக்குத் தெரியாத யானை.

சோப்பு வரி 5 சதவீதமானது 2025 செப்டம்பர் 22இல். மத்தியதர வர்க்கத்துக்கு வரி குறைத்தபோது, அவர்கள் பங்களிப்புக்கு அங்கீகாரம் என்றார் அமைச்சர். சோப்பு முதலானவற்றின் வரிக்குறைப்பை, ஆகஸ்ட் 15 உரையில், தீபாவளிப் பரிசென்று முன்னறிவித்தார் பிரதமர். ஒருவன் கொடுத்தவன், மற்றவன் வாங்கிக்கொள்கிறவன். தார்மீகக் கேள்வி இங்கேதான் இருக்கிறது, சதவீதத்தில் அல்ல.

வங்கிக் குமாஸ்தாவான நானும் அந்த 12.75 லட்சத்துக்குள் அடக்கம். 2025-26இல் என் சம்பளத்துக்கு வரி பூஜ்யம். ரேஷன் அரிசியைப் பற்றிப் பேச்சு வந்தால் ‘என் வரிப் பணம்’ என்று குரல் உயர்த்திப் பழகிய வர்க்கம் எங்களுடையது. அந்தப் பேச்சு நிற்கப் போவதில்லை. ஆனால் அதற்கு ஆதாரமாக எங்களில் பலருக்கு மிஞ்சியிருப்பது, கடையில் சோப்பு வாங்கியபோது கொடுத்த வரி மாதிரியானவைதான். அந்த உரிமை தறிக்காரருக்கும் ஆரம்பத்திலிருந்தே இருந்தது. அதை அவருக்கு நாம்தான் ஒப்புக்கொள்ளவில்லை.