காமிராவுக்குப் பின்னால் நிற்பவர்

திரையில் தீ எரிந்தாலும் திரை வேகாது, வெள்ளம் பாய்ந்தாலும் அது நனையாது. ஆத்மாவும் அப்படியே உலகக் காட்சிகளால் தீண்டப்படுவதில்லை என்று ரமண மகரிஷி தம்மை நாடி வந்தவர்களுக்குச் சினிமாவைக் காட்டி விளக்கியது பலரும் அறிந்ததே. உவமையின் அழகில் எனக்கு ஆக்ஷேபம் இல்லை. ஆனால் குடும்பத்தார் தமக்கென்று தாமே பிடித்துக்கொண்ட படங்களைப் பார்க்கும்போது, திரையை விட்டுவிட்டு, எல்லோரையும் கண்டும் தாம் மட்டும் காணப்படாமற்போன அந்த ஒருவரைப் பற்றியே மனம் விசாரம் செய்கிறது. காண்பவனாகிய சாக்ஷி காட்சிப் பொருளாவதில்லை என்னும் வேதாந்த லக்ஷணம் அவருக்கு அக்ஷரம் பிசகாமல் பொருந்துகிறதல்லவா?

1895-ஆம் ஆண்டில், பிரான்சு தேசத்து லூமியேர் சகோதரர்களில் இளையவரான லூயி, தம் தமையன் ஒகுஸ்தும் அவர் மனைவியும் தோட்டத்து மேஜையருகே அமர்ந்து குழந்தை ஆந்த்ரேக்கு உணவூட்டுவதை, ஒரு நிமிஷத்துக்கும் குறைவாக ஓடும் படமாக எடுத்தார். டிசம்பர் 28-ஆம் தேதி பாரிஸ் நகரத்துக் கிராண்ட் கஃபேயில் ஜனங்கள் காசு கொடுத்துப் பார்த்த பத்துப் படங்களுள் அதுவும் ஒன்று. தகப்பனார் சிறு கரண்டியால் ஊட்டுகிறார். தாய் காப்பியைக் கவனிக்கிறாள். காற்றில் குழந்தையின் கழுத்துத் துணி படபடக்கிறது. நடுவே குழந்தை, தன் கையில் கொடுத்த பிஸ்கோத்தைத் தின்னாமல், படம் பிடிக்கும் பக்கமாக நீட்டுகிறது. சாக்ஷியாய் நிற்பவனுக்கும் பசிக்கும் என்று அதற்குத் தோன்றியது போலும். சாஸ்திரம் கற்றவர்களுக்குத் தோன்றாத யோசனை!

1923-இல் கோடாக் கம்பெனியின் 16 மில்லிமீட்டர் காமிராவும், 1932-இல் 8 மில்லிமீட்டரும் வந்தபின், வசதியுள்ள மேனாட்டுக் குடும்பங்களில் பெரும்பாலும் தகப்பனாரே அந்த சாக்ஷி ஸ்தானத்தை வகித்தார். ஒரு சுருள் நான்கு நிமிஷத்தில் தீர்ந்துவிடும், விலையோ அதிகம். ஆகவே பிறந்த நாளும் கிறிஸ்துமஸும் கடற்கரையும் பிலிமில் ஏறின. தம்பதிகளின் மனஸ்தாபமும், நோயாளி படுத்த அறையும், அன்றாடம் பாத்திரம் துலக்கிய கையும் ஏறியது அபூர்வம்.

இங்கேதான் வேதாந்தியோடு எனக்கு வழக்கு. அவருடைய சாக்ஷி உதாசீனன். இந்தத் தகப்பனாரோ, கடைக்குட்டியின் மேல் லென்ஸை வேண்டிய மட்டும் நிறுத்திவிட்டு மூத்தவனை அவசரமாகக் கடந்து போகிறார். மனைவி வெட்கப்பட்டு முகத்தைக் கையால் மறைப்பதும், குழந்தை ஓடிவந்து லென்ஸோடு ஒட்டி உருத்தெரியாமற்போவதும் அவரை உத்தேசித்தே நிகழ்கின்றன. 'அவர் வெறும் ஜீவன். கண்ணும் மனமும் உடைய அவரையும் காண்கிற சாக்ஷி வேறு' என்று வேதாந்தி விடை பகர்வார். தர்க்கத்தில் ஜயமும் அவருக்கே. ஆனால் பற்றற்ற அந்த சாக்ஷி காமிராவைக் கையில் எடுத்திருந்தால் அதை எந்தக் குழந்தையின் பக்கம் திருப்பியிருக்கும் என்று கேட்டால், அவர் என்ன சொல்லுவாரோ?