பூட்டிய அறையும் வாய்மை விரதமும்

இல்லறத்தார்க்கு விதிக்கப்பெற்ற ஐந்து அணுவிரதங்களுள் வாய்மை இரண்டாவது. பொய் பேசாதிருத்தல் என்று இதனைச் சுருக்கமாகக் கூறிவிடுகிறோம். இன்று ஒவ்வொருவர் கையிலும் உள்ள திறன்பேசி இவ்விரதத்தின்முன் புதியதொரு வினாவை வைத்துள்ளது. அக்கருவியினுள் பிறர் காணாதவாறு பூட்டி வைக்கத்தக்க தனியறை ஒன்றை அமைத்துக்கொள்ளலாம். அவ்வாறு அமைத்துக்கொள்ளும் சிராவகர் தம் விரதத்திற்குக் குறை செய்தவர் ஆவாரா? மறைப்பதற்கு ஒன்றும் இல்லாதவர்க்குப் பூட்டு எதற்கு என்று பெரியோர் சிலர் வினவுகின்றனர். எம் அறைக்குள் நுழைய எவர்க்கும் உரிமை இல்லை என்று இளையோர் விடை இறுக்கின்றனர். இவ்விரு கூற்றையும் நம் அறநூல்களின் துணைகொண்டு ஆராய்தல் நலம்.

முதற்கண் அவ்வறையின் இயல்பை அறிதல் வேண்டும். சாம்சங் திறன்பேசிகளில் 'செக்யூர் ஃபோல்டர்' என்னும் பெயரால் இது உள்ளது. 2024-இல் வெளிவந்த ஆண்ட்ராய்டு 15, 'பிரைவேட் ஸ்பேஸ்' என்னும் பெயரால் இதனை அளித்தது. இவ்வறையில் இடும் படமும் கடிதமும் கணக்கும் மறையாக்கம் செய்யப்பெறுகின்றன. கருவியைத் திருடியவர் அதன் நினைவகத்தைப் பெயர்த்தெடுத்து வேறொரு கணினியில் பொருத்தினாலும், அவர் காண்பவை பொருளற்ற எண்களே. கடவுச்சொல்லை அறிந்தவர்க்கே அவை மீண்டும் எழுத்தாகவும் படமாகவும் தோன்றும். அறையைப் பூட்டுவதோடு அமையாமல், அறை இருப்பதற்கான குறியையே திரையிலிருந்து மறைத்துவிடும் வசதியும் உண்டு.

இனி நம் நூல்கள் கூறுவதைக் காண்போம். உமாஸ்வாமிகள் தத்துவார்த்த சூத்திரத்தின் ஏழாம் அத்தியாயத்தில் வாய்மை அணுவிரதத்திற்கு ஐந்து அதிசாரங்களைக் குறிப்பிடுகிறார். தவறான நெறியை உபதேசித்தல் மித்தியோபதேசம். பிறர் தனிமையில் பேசியதையும் செய்ததையும் வெளிப்படுத்துதல் ரஹோப்யாக்யானம். பொய்ப்பத்திரம் எழுதுதல் கூடலேகக்கிரியை. வைப்புப் பொருளை வைத்தவர் அளவை மறந்து குறைத்துக் கேட்கும்போது, அவ்வளவே என்று கூறி மிச்சத்தைக் கைக்கொள்ளுதல் நியாசாபஹாரம். முகக்குறிப்பாலும் உடற்குறிப்பாலும் பிறர் உட்கருத்தை உணர்ந்து அதனைப் பரப்புதல் சாகாரமந்திரபேதம்.

இவ்வைந்தனுள் இரண்டு, உள்ளதை உள்ளவாறே வெளியிடுவதால் நேரும் குற்றங்கள் என்பது கருதத்தக்கது. நான்காவதான நியாசாபஹாரமோ, நம்மை நம்பி வைத்ததற்குச் செய்யும் துரோகம். ஆகவே வாய்மை விரதம் எல்லாவற்றையும் எல்லார்க்கும் திறந்து காட்டுக என்று பணிக்கவில்லை. பிறருடைய அந்தரங்கத்தைக் காப்பதும் அவ்விரதத்தின் ஓர் உறுப்பு.

காவல், அடைக்கலம் என்னும் இரு தமிழ்ச் சொற்கள் இவ்விடத்து நினைக்கத்தக்கன. அரியலூர் மாவட்டத்தில், கொள்ளிடத்திற்கு வடக்கே ஏலாக்குறிச்சி என்னும் ஊர் உள்ளது. இத்தாலியிலிருந்து வந்து தமிழ் கற்றுத் தேம்பாவணி பாடிய வீரமாமுனிவர், அவ்வூரில் அடைக்கல மாதாவுக்குக் கோயில் எடுத்து, ஊருக்குத் திருக்காவலூர் என்று பெயரிட்டார். புகலடைந்தோர் அடைக்கலம் என்றும், அவர்க்குப் புகல் தரும் இடம் காவல் என்றும் வழங்கும் நம் மொழி மரபு, வேற்று நாட்டிலிருந்து வந்த அத்துறவியின் உள்ளத்திலும் பதிந்தது.

இம்மரபின் உச்சத்தை நம் சமயத்தவரான கவுந்தியடிகளிடம் காண்கிறோம். சிலப்பதிகாரத்தின் அடைக்கலக் காதையில் அவர் கண்ணகியை ஆயர்குல மாதரியிடம் ஒப்படைக்கிறார். ஒப்படைக்கப்பெற்றோரைக் காக்க இயலாமற்போன துயரால் மாதரி தீயிற் புகுந்தாள். செய்தி கேட்ட கவுந்தியடிகள் உண்ணாநோன்பேற்று உயிர் நீத்தார். பிறர் நம்மிடம் ஒப்படைத்ததன் கனம் எத்துணை என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுவதில்லை.

இன்று நம் கருவிகளில் எத்துணையோ அடைக்கலப் பொருள்கள் உள்ளன. வரன் பார்ப்பதற்காக நம்பி அனுப்பப்பெற்ற பெண்ணின் படமும் ஜாதகமும் உள்ளன. உறவினர் ஒருவரின் நோய்க்குறிப்பு உள்ளது. ஆலயத் திருப்பணிக்குப் பொருள் ஈந்தோரின் வங்கி எண்கள் உள்ளன. மனம் உடைந்த நண்பர் நள்ளிரவில் எழுதிய கடிதம் உள்ளது. இவற்றைத் திறந்த வெளியில் இட்டுவைத்தல் வெள்ளையுள்ளம் ஆகாது, அது பொறுப்பின்மை. 2017 ஆகஸ்டு 24 அன்று உச்ச நீதிமன்றத்தின் 9 நீதிபதிகள் கொண்ட அமர்வு, அந்தரங்கம் அரசியலமைப்பு காக்கும் அடிப்படை உரிமை என்று ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. சட்டம் அதனை நமக்குள்ள உரிமையாகக் கூறுகிறது. நம் ஆசாரியர்களோ பிறர்பால் நமக்குள்ள கடமையாக முன்னரே கூறினர்.

ஆயின் பூட்டிய அறையில் இருப்பவை அனைத்தும் அடைக்கலப் பொருள்கள் தாமா? நான்கு கஷாயங்களுள் மாயை மூன்றாவது. மாயை, மித்தியாத்துவம், நிதானம் என்னும் மூன்றையும் சல்லியம், அதாவது உள்ளே தைத்த முள் என்று நூல்கள் கூறும். முள் உள்ளவரை விரதி விரதி ஆகான். மனைவியறியாத கடன், பெற்றோரறியாத சூதாட்டச் செயலி, எவரும் அறியலாகாத தீய காட்சிகள் ஆகியவற்றை அவ்வறையில் இட்டுப் பூட்டினால், பூட்டப்பெறுவது முள்ளே. பிறர் கண்ணுக்கு மறைத்த வினை ஆன்மாவுக்கு மறைவதில்லை. கருவியின் மறையாக்கம் கன்மம் வந்தொட்டும் வாயிலை அடைக்காது. குப்தி என்னும் வடசொல்லுக்குக் காத்தல் என்று பொருள். அவ்வேரிற் பிறந்த குப்தம் என்பதற்குக் காக்கப்பட்டது, மறைக்கப்பட்டது என இரு பொருளும் உண்டு. மனம், மொழி, மெய் ஆகிய மூன்றையும் காப்பதே நம் ஆசாரியர் உரைத்த குப்தி.

முள்ளைப் பிடுங்கும் வழியையும் நம் சமயம் காட்டியுள்ளது. பிராயச்சித்தங்களுள் முதலாவது ஆலோசனை. தன் குற்றத்தைக் குருவினிடம் ஒளியாது உரைத்தல். அதனைக் கேட்கும் ஆசாரியர்க்குரிய பண்புகளுள் ஒன்றாக 'அபரிஸ்ராவி' என்பதைப் பகவதி ஆராதனை கூறும். கேட்டதைக் கசியவிடாதவர் என்பது அதன் பொருள். உரைப்பவர் ஒளிக்கலாகாது; கேட்பவர் கசியவிடலாகாது. வெளிப்படையும் காவலும் ஒன்றற்கொன்று பகையல்ல என்பது இதனால் விளங்கும்.

பூட்டுதலுக்கும் அறையையே மறைத்தலுக்கும் உள்ள வேற்றுமையையும் எண்ண வேண்டும். பூட்டிய கதவு, இங்கே உமக்குரியதல்லாத ஒன்று உள்ளது என்று நேர்மையாகச் சொல்கிறது. குறியை மறைத்துவிட்டு, அப்படியொன்றும் இல்லை என்று வீட்டாரிடம் வாயாற் கூறுவது பொய். எனினும், கணவனின் அடிக்கு அஞ்சும் பெண் தன் காயங்களின் படத்தையும் தப்பும் வழியையும் அவ்வாறு மறைத்து வைப்பாளாயின் அவளைப் பொய்யள் என்பதற்கில்லை. பிறர்க்குத் துன்பம் விளைக்குமாயின் உண்மையையும் உரையாதிருத்தலைச் சமந்தபத்திர ஆசாரியர் வாய்மை அணுவிரதத்தின் இலக்கணத்திலேயே அமைத்துள்ளார். வாய்மை அகிம்சைக்கு வேலி. அகிம்சையை அழித்துக்கொண்டு நிற்பதன்று.

வீட்டிலுள்ள பெரியோர்க்கும் ஒரு சொல். உறங்கும் மகனின் விரலைக் கருவியில் வைத்துத் திறப்பதும், மருமகளின் கடவுச்சொல்லை மறைந்திருந்து அறிவதும் அன்பின் செயல்கள் என்று சிலர் கருதுகின்றனர். கொடாததைக் கொள்ளுதலே களவு என்பது நம் நூல்களின் இலக்கணம். சிறுவர்க்குக் காவல் வேண்டும். அதனை அவரறியச் செய்க. வளர்ந்தோரிடம் ஐயம் தோன்றின் நேரிற் கேட்க. உண்மையைச் சொன்னால் வீடு தாங்கும் என்னும் நம்பிக்கை உள்ள இல்லத்தில் முள்ளை மறைக்கும் தேவை குறையும்.

பூட்டினால் மட்டும் கடமை முடிந்துவிடாது. வரன் கூடாதபோது அப்பெண்ணின் படத்தை அழித்துவிடுதல் வேண்டும். தேவை தீர்ந்தபின் வைத்திருத்தல் பரிக்கிரகம். கருவியைத் தொழிற்சாலை நிலைக்கு மீட்டால் செக்யூர் ஃபோல்டரில் உள்ளவை அழிந்துபோகும். உரியவர் கடவுச்சொல்லோடு மறைந்துவிட்டால், ஆலயக் கணக்கும் பிறர் பத்திரமும் அவருடன் மறையும். வைத்தவர்க்குத் திரும்பாத வைப்பு, வாங்கியவரின் எண்ணம் தூயதாயினும், இழந்த வைப்பே. ஆகவே பொதுப்பொருள் பற்றியவற்றுக்கு மற்றொரு படியும், அதனைத் திறக்கும் வழியறிந்த நம்பிக்கைக்குரியவர் ஒருவரும் இருத்தல் இன்றியமையாதது.

தசலட்சண தருமங்களுள் மூன்றாவதாகிய உத்தம ஆர்ஜவம் மாயைக்கு மாற்று மருந்து. ஆண்டுதோறும் அத்தருமத்தைச் சிந்திக்கும் நாளில் நம் கருவியின் பூட்டிய அறையைத் தனியே அமர்ந்து திறந்து பார்ப்போமாக. பிறர் அடைக்கலம் எது, நம் முள் எது என்று பிரித்தறிவோமாக. காலம் முடிந்த அடைக்கலத்தை உரியவரிடம் சேர்த்தோ அழித்தோ விடுவோம், எஞ்சியதைக் காப்போம், முள்ளை உரியவரிடம் உரைத்துக் களைவோம். அறம் வளர்க.