அன்பும் உடைமையும்

மும்பை மாட்டுங்காவில் வசிக்கும் அன்பர் ஒருவர், பேரனை அழைத்துக்கொண்டு குர்லாவிலுள்ள வண்ணமீன் கடைகளுக்குச் சென்றார். வெள்ளிநிற உடலில் வாய் முதல் வால் வரை ஒரு கருங்கோடு. அதன்மேல் கண்ணைத் தொட்டு ஓடும் ஒரு செங்கோடு. அத்தகைய மீன்கள் ஒரு தொட்டியில் கூட்டமாக நீந்தின. "மிஸ் கேரளா" என்றார் கடைக்காரர். குழந்தை அதுதான் வேண்டும் என்று அடம்பிடித்தது. "ஆற்றில் பிடித்ததா, பண்ணையில் வளர்த்ததா?" என்று பெரியவர் கேட்டார். கடைக்காரருக்குத் தெரியவில்லை. அவர் வாங்காமல் திரும்பினார். ஆனால் குழந்தையின் கண்ணீர் அவர் மனத்தை விட்டு அகலவில்லை. "அன்போடுதானே வளர்த்திருப்போம், அதில் என்ன குற்றம்?" என்று சத்சங்கத்தில் கேட்டார்.

கேள்வி சிறியதன்று.

இம்மீனை விஞ்ஞான உலகுக்கு 1865-இல் அறிமுகப்படுத்தியவர் பிரான்சிஸ் டே. அன்றைய சென்னை ஆளுநர் டெனிசனின் பெயரை அதற்குச் சூட்டினார். கேரளத்திலும் தென் கர்நாடகத்திலும் மேற்குத் தொடர்ச்சி மலையிலிருந்து இறங்கும் சில ஆறுகளே அதன் உலகம். வேறெங்கும் அது இயற்கையாக வாழ்வதில்லை. அதன் அழகே அதற்குப் பகையாயிற்று. 2005 முதல் 2012 வரை இந்தியாவிலிருந்து ஏற்றுமதியான, அழியும் நிலையிலுள்ள நன்னீர் மீன்கள் 15 லட்சத்துக்கும் மேல். அவற்றுள் பெரும்பங்கு வகித்த இனங்களில் இதுவும் ஒன்று. கேரள அரசு 2008-இல் கட்டுப்பாடு விதித்தது. ஆனால் பிடிக்கக் கூடாதென விதித்த மாதங்கள், மீன் முட்டையிடும் காலத்தோடு சரிவரப் பொருந்தவில்லை எனப் பின்னர் ஆய்வாளர்கள் கண்டனர். அறிவின் துணையின்றி நல்லெண்ணம் மட்டும் போதாது என்பதற்கு இது சான்று.

"நான் ஒருவன் வாங்காவிட்டால் ஆறு நிறைந்துவிடுமா?" எனலாம். நிறையாது, மாசும் மணல் அள்ளுதலும் ஆற்றைக் கெடுக்கத்தான் செய்கின்றன. ஆயினும் ஒருவர் கேட்பதால்தான் மற்றொருவர் வலை வீசுகிறார். வலை வீசும் ஏழையைப் பழிப்பதும் முறையன்று. அவருடைய பசிக்கு முன்னே நம் ஆசை நிற்கிறது.

பதஞ்சலி முனிவர் கூறும் ஐந்து யமங்களில் இறுதியானது அபரிக்கிரகம், அதாவது தேவைக்கு மேல் பொருள்களைச் சேர்த்துக் கொள்ளாமை. அழகைக் கண்டு மகிழ்வது மனத்தின் இயல்பு. அடுத்த கணமே 'இது என்னுடையதாக வேண்டும்' என்ற எண்ணம் எழுகிறது. அந்த மமகாரம் அன்பின் வேடத்தில் வருவதால் நாம் அதை அடையாளம் காண்பதில்லை. தாய் குழந்தையின் நலத்தை நாடுகிறாள்; ஆசையோ தன் நிறைவை மட்டுமே நாடுகிறது. மீனின் நலம் ஓடும் நீரிலும் பாறை இடுக்கிலும் தன் கூட்டத்திலும் இருக்கிறது.

அப்படியானால் மீன் வளர்ப்பதே பாவமா? இல்லை. இவ்வினத்தையே பண்ணைகளில் பெருக்கும் முறைகள் வந்துள்ளன. ஆகவே பெரியவர் கேட்ட கேள்வியே விவேகம். விடை கிடைக்காதபோது கைகளை மடக்கிக்கொண்டது வைராக்கியம்.

அந்தக் குழந்தையின் கண்ணீர் விரைவில் காய்ந்துவிடும். 'எனக்கு' என்று நீளும் நம் கையை ஒரு கணம் நிறுத்தி, 'எங்கிருந்து?' என்று கேட்கப் பழகுவோம். நாம் காணாத ஓர் ஆற்றில் அந்தச் செங்கோடு தொடர்ந்து மின்னட்டும்!