எட்டா, இருபதா?

ஜோலார்பேட்டைப் பக்கமிருந்து ஆம்பூர், வாணியம்பாடி ஷூ கம்பெனிகளுக்குப் போகும் பெண்களைப் பாருங்கள். நாள் முழுக்கத் தையல் மெஷின். குனிந்த தோள், அசையாத இடுப்பு. வலி வந்தால் டாக்டர் சொல்வார்: ‘தினம் இருபது தடவை பயிற்சி பண்ணும்மா!’

ஒருக்களித்துப் படுத்துக் காலைத் தூக்க வேண்டும். உடம்பு லேசாக மல்லாந்தால் கால் ஜோராக மேலே போகும். ஆனால், உழைப்பது இடுப்பின் பக்கத் தசை அல்ல, முன்பக்கத் தசை. கையை உயர்த்தும்போது தோளைக் காதுவரை தூக்கினாலும் அதே கதைதான். பாரம் கழுத்துக்குப் போய்விடும். ஒழுங்காகச் செய்தால் எட்டிலேயே எரியும்!

தையல் கோணினால் செக்கிங்கில் திரும்பி வரும். வீட்டுப் பாயில் செக்கிங் ஏது? யாரும் கேட்காதபோதும் ‘இருபது முடிஞ்சுது’ என்கிறோமே, அந்தப் பொய் யாருக்கு?

நாளைக்கு எட்டோடு நிறுத்தி, ‘எட்டு’ என்றே சொல்லிப் பாருங்களேன். கொஞ்சம் கூச்சமாக இருக்கும்.