கேட்கத் தெரிந்த வித்வான்

அமெரிக்காவின் அயோவா மாகாணத்திலே 1937-இல் பிறந்து, நாட்டுப்புறச் சங்கீதம் பாடிவந்த குடும்பத்தாருடன் குழந்தைப் பருவத்திலேயே வானொலியில் பாடத் தொடங்கிய சார்லி ஹேடன், பதினைந்து வயதில் இளம்பிள்ளை வாதம் தொண்டையைத் தாக்கியதனால் பாடும் பாக்கியத்தை இழந்து, ஆளுயரம் நிற்கும் டபுள் பாஸ் வாத்தியத்தையே தம் குரலாக ஏற்றுக்கொண்டார். ஜாஸ் கச்சேரியில் பிற வாத்தியங்கள் கற்பனையில் சஞ்சரிக்க, தாழ்ந்த ஸ்தாயியில் நின்று லயத்தைத் தாங்குவது இவ்வாத்தியத்தின் தர்மம். அதிலும், 1959-இல் நியூயார்க்கில் ஆர்னெட் கோல்மன், முன்கூட்டி வகுத்த ஸ்வர அடுக்குகளின் நியதியைத் துறந்து ஸாக்ஸபோன் வாசித்தபோது, அவர் போகும் திசையைச் செவியாலேயே உணர்ந்து, அக்கணமே அதற்கேற்ற அடித்தளத்தை அமைத்துக்கொடுத்த ஹேடனின் வித்வத்தை நான் மிக உயர்ந்ததாகவே மதிக்கிறேன். பக்கத்தில் நிற்பவரை அத்தனை சிரத்தையுடன் கேட்பது, முன்னின்று வாசிப்பதினும் அரிய சாதனையன்றோ! அந்தச் செவி அரங்கத்தோடு நின்றுவிடவுமில்லை. சர்வாதிகாரத்தின் கீழிருந்த போர்ச்சுகலுக்கு 1971-இல் வாசிக்கச் சென்றவர், அந்நாட்டின் ஆப்பிரிக்கக் காலனிகளில் விடுதலைக்குப் போராடியவர்களுக்கு ஒரு பாடலை மேடையிலேயே சமர்ப்பணம் செய்து, அதன் பொருட்டு மறுநாள் லிஸ்பன் விமான நிலையத்தில் ரகசியப் போலீஸாரால் கைது செய்யப்பட்டார்.